ரிம்மா வெட்டாமல் விட்ட ஒரு நிமிடம்

ரிம்மா சாவிச்னாவின் கத்தரிக்குப் பயப்படாதவர்கள் ஸரேச்னி ஸ்டுடியோவில் இரண்டே பேர்தான். ஒருவர் ஸ்டுடியோ தலைவரின் மைத்துனர். எந்தப் படமானாலும் அவருக்கு ஒரு வேடம் உண்டு, அதில் யாரும் கைவைக்க முடியாது. இன்னொருவர் செத்துப்போன நடிகர். அவர் காட்சியை வெட்டினால் சண்டைக்கு வரமாட்டார். மற்றவர்கள் எல்லோரும் தாழ்வாரத்தில் அவளைக் கண்டால் தொப்பியைக் கழற்றி, உடம்பு எப்படியிருக்கிறது, கால்வலி தேவலையா என்று விசாரிப்பார்கள். ரிம்மாவுக்குக் கால்வலியே கிடையாது. ஆனாலும் தேவலை என்று சொல்லிவைப்பாள்.

போர் முடிந்த கையோடு அவள் அந்த ஸ்டுடியோவுக்கு வந்தது தையல்காரியாக. படத்தில் வரும் வீரர்களின் சட்டைக்குப் பொத்தான் தைத்துக்கொண்டிருந்தவளை, படச்சுருள் ஒட்ட ஆளில்லை என்று ஒருநாள் மேல்மாடிக்கு இழுத்துப்போனார்கள். "துணி வெட்டத் தெரியுமில்ல? இதுவும் வெட்டறதுதான்" என்று உட்காரவைத்தார்கள். மாஸ்கோ ஆண்ட அந்த நாட்டில் எடிட்டிங் அறைகளில் பெண்கள்தான் நிறைந்திருந்தார்கள். உருளைக்கிழங்கு உரிப்பது மாதிரி இதுவும் பெண்கள் வேலை என்று இயக்குநர்களுக்கு நினைப்பு. உரித்த பிறகுதான் உருளைக்கிழங்கு சாப்பாடாகிறது என்பது அவர்கள் மண்டையில் ஏறவில்லை. முதல் வாரம் ரிம்மா ஒரு சுருளைத் தலைகீழாக ஒட்டி, ஒரு தளபதியைக் குதிரையோடு வானத்தில் ஓடவிட்டாள். அதற்கு வாங்கிய திட்டுக்குப் பிறகு அவள் கை தப்பவே இல்லை.

நடுவில் கல்யாணம் ஒன்றும் நடந்தது. ஒலிப்பதிவாளன் கென்னதி சில வருடம் கூட இருந்துவிட்டு மாஸ்கோவில் வேலை கிடைத்ததும் கிளம்பிவிட்டான். ரிம்மா அழவில்லை. கல்யாணப் புகைப்படத்தை எடுத்து மேஜையில் வைத்து அவனை மட்டும் வெட்டியெடுத்துவிட்டு மிச்சத்தை ஒட்டினாள். அவ்வளவு சுத்தமான வெட்டு! இப்போது அந்தப் படத்தில் அவள் ஒரு ரப்பர் செடியின் கையைப் பிடித்துக்கொண்டு நிற்பாள். பார்க்கிறவர்கள், செடி நன்றாக வளர்ந்திருக்கிறதே என்பார்கள்.

ஆனால் ரிம்மாவின் பெயர் ஊரெல்லாம் பரவியது சுத்தமான வெட்டுக்காக அல்ல, நாய்க்காக. படம் முடிந்ததும் ஸ்டுடியோவின் கலைக்குழு பார்த்து ஒப்புதல் தரவேண்டும். பெரிய மனிதர்கள் வந்து உட்கார்ந்து, ரொட்டியும் மீனும் தின்று, தேநீர் குடித்து, படம் பார்ப்பார்கள். குறையொன்றும் சொல்லாமல் எழுந்துபோனால் தின்றது அவர்களுக்குச் செரிக்காது. எதையாவது வெட்டச் சொல்லியே தீருவார்கள். ஆகவே கெட்டிக்கார எடிட்டர்கள், கடிப்பதற்கென்றே எதையாவது படத்துக்குள் வைப்பது வழக்கம். அதற்குத்தான் நாய் என்று பெயர். குழு நாயைப் பார்க்கும், பாயும், வெட்டச் சொல்லும், நிம்மதியாக வீட்டுக்குப் போகும். மீதிப் படம் பிழைத்துக்கொள்ளும்.

ரிம்மா வைக்கும் நாய்கள் தனி ரகம். குழுத் தலைவர் தெரேந்தி குஸ்மிச்சுக்குத் தாடி பிடிக்காது, தேவாலயக் கோபுரம் பிடிக்காது, முத்தம் மூன்று நொடிக்குமேல் போனால் பிடிக்காது. இரும்பாலைப் படம் ஒன்றில், தொழிலாளர் கூட்டத்துக்கு நடுவே முன்வரிசையில் ஒரு தாடிக்காரர் வாயைப் பிளந்து கொட்டாவி விடுகிற துண்டை அவள் ஒட்டிவைத்தாள். குழு அந்தக் கொட்டாவியைப் பற்றி ஒரு மணி நேரம் விவாதித்தது. அதே படத்தில் ஒரு பொறியாளர் தன் மேலதிகாரியை முட்டாள் என்று சொல்லும் காட்சி இருந்ததை யாருமே கவனிக்கவில்லை.

இனி எல்வீரா. ரிம்மா இருந்தது பொதுக் குடியிருப்பில். ஒரு நீளத் தாழ்வாரம், வரிசையாக அறைகள், எல்லோருக்குமாக ஒரே சமையலறை. அடுத்த அறையில் இருந்தவள் எல்வீரா தீகனோவ்னா, அதே ஸ்டுடியோவில் மாதச் சம்பள நடிகை. வரிசையில் மூன்றாவது பெண், டிராமில் டிக்கெட் கிழிப்பவள், கூட்டத்தில் கைதட்டுபவள் என்று வேடங்களுக்குக் குறைவில்லை. திரையில்தான் அவளைக் காணமுடியாது. ரிம்மா வெட்டிவிடுவாள். வெட்டாமல் என்ன செய்வது? வரிசையில் நிற்கச் சொன்னால் ரொட்டிக்கு நிற்பவள் மாதிரியா எல்வீரா நிற்பாள்? அரியணைக்குக் காத்திருக்கிற ராணி மாதிரி நிற்பாள். கதாநாயகி செத்துக்கொண்டிருந்தாலும் கண் இவள்மேல்தான் போகும்.

ஒவ்வொரு படம் வெளியான மறுநாளும் சமையலறையில் கச்சேரிதான்.

"அடியே கசாப்புக்காரி! பதினோரு படம்! பதினோரு படத்துல என் முழங்கை மட்டும்தான் மிச்சம்!"

"முழங்கைதான் நல்லா நடிச்சிருந்துச்சு. அதான் விட்டுவச்சேன்" என்பாள் ரிம்மா, முட்டைக்கோஸை நறுக்கிக்கொண்டே.

"உன் கையில கொள்ளிக்கட்டையை வைக்க!"

"வைக்கலாம். அதுவரைக்கும் உன் கெண்டியை என் அடுப்பிலேருந்து எடு."

எழுபதுகளின் நடுவில் ஒரு கோடைக்காலம். முப்பது வயது இயக்குநர் ரோதியோன் ஒரு படம் எடுத்துவந்தான். ஆற்றில் கயிறு இழுத்துப் படகு ஓட்டும் ஒரு பெண். வேலைக்கென்று வடக்கே போன புருஷனுக்காகப் பத்து வருடம் காத்திருக்கிறாள். கடைசியில் கடிதம் வருகிறது: அவன் அங்கே வேறு குடும்பத்தோடு இருக்கிறான். படகுக்காரியாக நடிக்கவேண்டியவள் படப்பிடிப்புக்கு முந்தைய வாரம் வழுக்கிவிழுந்து காலை உடைத்துக்கொண்டதால், கையில் அகப்பட்ட எல்வீராவை ரோதியோன் போட்டுவிட்டான்.

ரிம்மா எதிர்பார்ப்பு எதுவும் இல்லாமல்தான் அந்தத் துண்டுகளைக் கதைப்படி ஒட்டி மேஜையில் ஓட்டினாள். கடிதத்தைக் காட்டும் துண்டு. அடுத்து எல்வீராவின் முகம். அழப்போகிறாள் என்று ரிம்மா கத்தரியை எடுத்தாள். எல்வீரா அழவில்லை. முதலில் தோள் குலுங்கியது. பிறகு உதடு. பிறகு அவள் சிரித்தாள். முழுதாக ஒரு நிமிடம், கண்ணில் நீர் கோக்கக் கோக்க, தன்னையும் ஆற்றையும் அந்தப் பத்து வருடத்தையும் சேர்த்துச் சிரிப்பவள் மாதிரி சிரித்தாள். ரிம்மா மேஜையின்மேல் தலையை வைத்து அழுதாள். கத்தரி கீழே கிடந்தது.

அந்த நிமிடத்தை எப்படியும் காப்பாற்றியாகவேண்டும் என்று அப்போதே முடிவுசெய்துவிட்டாள். அதற்கு இன்னொரு காரணமும் இருந்தது. இலையுதிர் காலத்தில் சம்பள நடிகர்களைத் தரம்பார்க்கப் போகிறார்கள். திரையில் முகமே இல்லாதவர்களை நடிகர் பட்டியலிலிருந்து எடுத்து, ஸ்டுடியோ வாசலில் வருகிறவர்களின் கோட்டை வாங்கி மாட்டிவைக்கும் வேலைக்கு அனுப்பப் போகிறார்கள். எல்வீரா கோட்டை வாங்கிக்கொண்டு எண் போட்ட வில்லை கொடுத்து நிற்பதை ரிம்மாவால் நினைத்துப் பார்க்கவே முடியவில்லை. இத்தனை வருடம் வெட்டியவள் தானல்லவா!

சிரிப்பைக் குழு விடாது என்று அவளுக்குத் தெரியும். துரோகம் செய்த புருஷனை நினைத்து ஒரு உழைக்கும் பெண் இப்படிச் சிரிக்கலாமா என்று கேட்பார்கள். ஆகவே நல்ல நாயாக ஒன்று தேவைப்பட்டது. மிச்சத் துண்டுகள் தொங்கும் கூடையைத் துழாவினாள், கிடைத்தது. படகுத்துறையில் கூட்டுப்பண்ணைத் தலைவர் எதிர்காலத்தைப் பற்றிப் பேசும்போது, ஒரு பெரிய வெள்ளை வாத்து தானாக நடந்துவந்து, அவரை ஏற இறங்கப் பார்த்து, காற்சட்டையைப் பிடித்து இழுக்கிறது. வீணென்று ஒதுக்கிய டேக். ரிம்மா அதைப் பேச்சின் உச்சத்தில் ஒட்டினாள்.

"இது நம்மளை ஜெயிலுக்கு அனுப்பிடும்" என்றான் ரோதியோன்.

"அனுப்பாது. வெட்டச் சொல்லுவாங்க, வெட்டிடுவோம். பசியாறிட்டாங்கன்னா உன் படகுக்காரிகிட்ட வரமாட்டாங்க."

கலைக்குழு உட்கார்ந்தது. வாத்து வந்தது. தெரேந்தி குஸ்மிச் கையிலிருந்த ரொட்டியைக் கீழே வைத்தார்.

"நிறுத்துங்க! அந்த வாத்து யாரோட யோசனை?"

ரிம்மா தலையைக் குனிந்துகொண்டாள். உள்ளுக்குள் குதூகலம். "யோசனையெல்லாம் இல்லீங்க, தெரேந்தி குஸ்மிச். தவறிப்போய் உள்ள வந்துடுச்சு. நாளைக்கே எடுத்துடறேன்."

"எடுக்கறதா? அதுமேல கைவச்சுப் பாருங்க, தெரியும் சேதி!" அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். அவர் சிரித்துக்கொண்டிருக்கிறார் என்பது அப்போதுதான் எல்லோருக்கும் புரிந்தது. அவர் சிரித்ததும் குழுவே சிரித்தது. "இந்த வருஷம் ரெண்டு நகைச்சுவைப் படம் தர்றோம்னு மாஸ்கோவுக்கு வாக்குக் குடுத்திருக்கோம். ஒண்ணுதான் தேறுச்சு. ரெண்டாவதுக்கு எங்க போறதுன்னு நான் தூக்கமில்லாம கிடக்கேன். இதோ, அதுவா நடந்து வருது!"

ரோதியோன் எழுந்துவிட்டான். "இது நகைச்சுவைப் படம் இல்லீங்க! புருஷன் வராத ஒருத்தியோட கதை!"

"நகைச்சுவைப் படத்துல புருஷன் வந்தே ஆகணும்னு சட்டமா என்ன? உக்காருப்பா. வாத்து இன்னும் வேணும். துறையில, படகுல, எல்லா இடத்துலயும் வரட்டும்."

படம் முடிந்தது. குழுவில் இருந்த ஓர் அம்மையார், "கடைசியில அந்தப் பொம்பளை ஒரு நிமிஷம் சிரிக்குதே, எதுக்கு? எனக்குப் பயமா இருந்துச்சு" என்றார்.

"அதானே! நகைச்சுவைப் படத்துல பயம் எதுக்கு? அதை வெட்டிட்டு அந்த இடத்துல வாத்தைப் போடுங்க" என்று தெரேந்தி குஸ்மிச் தீர்ப்பு சொன்னார். மீன் தீர்ந்திருந்தது. எல்லோரும் மனநிறைவோடு எழுந்தார்கள்.

ஆயுளில் முதல்முறையாக, ரிம்மா வைத்த நாய் ரிம்மாவையே கடித்துவிட்டது.

மறுநாள் ரோதியோன் எடிட்டிங் அறைச் சோபாவில் குப்புறப் படுத்துக்கொண்டான். "படத்தை எரிச்சிடறேன், ரிம்மா சாவிச்னா. சத்தியமா எரிச்சிடறேன்."

"எரிச்சுக்கோ. தீயணைப்புக்காரங்க கீழதான் சீட்டாடிட்டு இருக்காங்க. அதுக்கு முன்னாடி அந்த வாத்துத் துண்டையெல்லாம் இங்க எடுத்துட்டு வா."

திரையில் ஒரு முகம் வருவதற்கு முந்திய துண்டில் ஒரு தட்டு சூப்பைக் காட்டினால் அந்த முகத்தில் பசி தெரியும். அதே முகத்துக்கு முந்திய துண்டில் சவப்பெட்டியைக் காட்டினால் துக்கம் தெரியும். அந்த நாட்டில் எடிட்டிங் மேஜைக்கு வருகிற யாருக்கும் முதல் நாளே சொல்லிக்கொடுக்கும் பாடம் இது. ரிம்மா கடிதத்தைக் காட்டும் துண்டைப் பிரித்தெடுத்தாள். அந்த இடத்தில் வாத்து படகில் ஏறி, பண்ணைத் தலைவரின் தொப்பிமேல் உட்காரும் துண்டை ஒட்டினாள். அடுத்து, எல்வீராவின் முகம். ஒரு ஃபிரேம்கூடக் குறைக்கவில்லை. சுருளை ஓட்டினாள்.

ரோதியோன் சிரித்துவிட்டான். வாய்விட்டு, சோபாவைத் தட்டிச் சிரித்தான். பிறகு தான் சிரித்ததை நினைத்து அழுதான்.

"என்ன காரியம் பண்ணிட்டோம்?"

"ஒரு நிமிஷத்தைக் காப்பாத்தியிருக்கோம். மத்ததையெல்லாம் வித்துட்டோம். மூக்கைத் துடை" என்றாள் ரிம்மா. அவளுக்கும் சிரிப்பு வந்திருந்தது. அதுதான் அவளால் தாங்கமுடியாமல் இருந்தது.

குழு இரண்டாம் முறை பார்த்தபோது பயந்த அம்மையாரே இருமி இருமிச் சிரித்தார். "இப்பத்தான் அந்தப் பொம்பளை ஏன் சிரிக்குதுன்னு புரியுது!" என்றார் தெரேந்தி குஸ்மிச். படம் தேறியது. இலையுதிர் காலத்தில் எல்வீராவும் தேறினாள். முழு ஒரு நிமிட முகம் இருக்கிற நடிகையைக் கோட்டு வாங்கிவைக்க யார் அனுப்புவார்கள்?

சமையலறையில் எல்வீரா அவள் கையைப் பிடித்துக்கொண்டு கேட்டாள். "நெசமா, ரிம்கா? முழுசா இருக்கா?"

"முழுசா இருக்கு."

"முழங்கை மட்டும் இல்லையே?"

"முகம். ஒரு ஃபிரேம் குறையாம."

வாத்தைப் பற்றிச் சொல்ல வாய் வரவில்லை. பெரிய பெரிய மனிதர்களுக்குத் தண்ணி காட்டிய ரிம்மா, அன்று ஒரு கோழையாகத்தான் நின்றாள். எல்வீரா அவள் கன்னத்தில் முத்தமிட்டு, ஆப்பிள் அப்பத்தில் பெரிய துண்டாக வெட்டிக் கொடுத்தாள். ரிம்மா அதைத் தொடாமல் காகிதத்தில் சுற்றிவைத்தாள்.

ரயில்வே தொழிலாளர் மாளிகையில் ஞாயிறு பகல் காட்சி. எல்வீரா நீலப் பட்டுச் சட்டை தைத்துப் போட்டிருந்தாள். தலைமுடியை முட்டைக்கோஸ் மாதிரி கட்டி, அது கலையாமலிருக்கக் கழுத்தை அசைக்காமல் உட்கார்ந்திருந்தாள். குடியிருப்பே அவளைச் சுற்றி இரண்டு வரிசை பிடித்திருந்தது. பக்கத்து இருக்கையில் ரிம்மா, கைக்குட்டையைக் கயிறாகத் திரித்துக்கொண்டிருந்தாள்.

வாத்து தொப்பிமேல் உட்கார்ந்தது. எல்வீராவின் முகம் திரையை நிறைத்தது. அரங்கம் இடிந்துவிழும் போலிருந்தது. பின்வரிசையில் ஒரு குண்டு மனிதர் நாற்காலியோடு சரிந்தார். ரிம்மா திரையைப் பார்க்கவே இல்லை, பக்கத்திலிருந்தவளைத்தான் ஓரக்கண்ணால் பார்த்தாள். திரையில் ஒரு எல்வீரா விழுந்து விழுந்து சிரித்தாள். நாற்காலியில் ஒரு எல்வீரா மரம் மாதிரி உட்கார்ந்திருந்தாள். படம் முடிந்ததும் ஜனம் அவளைச் சூழ்ந்துகொண்டது. வாத்தைப் பார்த்துச் சிரிச்ச அம்மா இவங்கதான் என்று குழந்தைகளைத் தூக்கிக் காட்டினார்கள். எல்வீரா எல்லோருக்கும் கையெழுத்துப் போட்டாள். டிராமில் வரும்போது ஒரு வார்த்தை பேசவில்லை.

சமையலறையில் அவர்கள் இருவர்தான். எல்வீரா இறுக்கமான காலணியைக் கழற்றி, ஒரு தொட்டித் தண்ணீரில் காலை வைத்து உட்கார்ந்தாள். ரிம்மாவால் அதற்குமேல் பொறுக்கமுடியவில்லை.

"திட்டித் தொலை, எல்யா. இப்படி ஊமையா இருக்காதே. நான்தான் பண்ணினேன். கடுதாசியை எடுத்துட்டு வாத்தை வச்சது நான்தான். உன் சிரிப்பை மொத்தமா தூக்கச் சொல்லிட்டாங்க, வேற வழி தெரியலை. மன்னிச்சுக்கோ."

"எதுக்கு மன்னிக்கணும்?"

"எதுக்கா? பத்து வருஷம் காத்துக் கிடந்து ஏமாந்துபோனவ சிரிச்ச சிரிப்புடி அது! அதைப் பார்த்துட்டு மேஜையில தலைவச்சு அழுதேன். அப்படியொரு துக்கத்தை இத்தனை வருஷத்துல நான் எந்தச் சுருள்லயும் பார்த்ததில்லை. அதைக் கொண்டுபோய் ஒரு வாத்துக்கு வித்துட்டேன்."

எல்வீரா தலையைத் தூக்கினாள். முதலில் அவள் தோள் குலுங்கியது. பிறகு உதடு.

"நீ அழுதியா? நீயா?"

"ஆமா, அழுதேன்."

"அடி பைத்தியமே! அந்த ரோதியோன் பொழுது விடிஞ்சதிலேருந்து என் உயிரை எடுத்தான். 'புருஷனை நினைச்சுக்கோங்க, புருஷனை நினைச்சுக்கோங்க'ன்னு. எனக்கேது புருஷன்? எல்லாத்தையும் நினைச்சுப் பார்த்தேன், ஒண்ணும் வரலை. கடைசியில உன் மூஞ்சியை நினைச்சேன்."

"என் மூஞ்சியையா?"

"நீ சூப் குடிக்கிற மூஞ்சி." எல்வீராவின் கண்ணில் நீர் கோத்துக்கொண்டது. "நீ என்னை வெட்டின ஒவ்வொரு தடவையும் உன் பானையில ஒரு பிடி உப்பு போட்டேன், ரிம்கா. ஒரு படத்துக்கு ஒரு பிடி. நீ வருவே, உக்காருவே, ஒரு வாய் குடிப்பே. ஜன்னல் பக்கம் பார்ப்பே. 'எனக்குச் சமையல் கைக்கு வராது'ன்னு உனக்கு நீயே சொல்லிட்டு, கடைசிச் சொட்டு வரைக்கும் குடிச்சு முடிப்பே! யார்மேலயும் சந்தேகமே வராது உனக்கு! அதை நினைச்சேன். அடக்கமுடியலை. கேமரா ஓடுதுங்கறதே மறந்துபோச்சு."

ரிம்மா முக்காலியில் பொத்தென்று உட்கார்ந்தாள். தனக்குச் சமைக்கத் தெரியாது என்று நம்பி, விருந்தாளிகளைக் கூப்பிடுவதையே அவள் விட்டிருந்தாள். பிறந்தநாளுக்குக்கூட ஸ்டுடியோ கேன்டீன் கட்லெட்தான். அது போகட்டும். கடிதத்துக்குப் பக்கத்தில் அந்த முகத்தை வைத்து ஒட்டியது யார்? அவளேதான். தான் போட்ட ஒட்டைப் பார்த்துத் தானே தேம்பித் தேம்பி அழுதிருக்கிறாள். தெரேந்தி குஸ்மிச்சுக்கு வாத்து, தனக்குக் கடிதம், அவ்வளவுதான் வித்தியாசம். வெட்கம் காதுவரை ஏறியது.

உடனே இன்னொரு சந்தேகமும் வந்தது. தன் மனசு நோகக்கூடாது என்று எல்வீரா இப்போதுதான் இந்த உப்புக் கதையைக் கட்டுகிறாளோ? பொய்ச் சிரிப்பை எத்தனையோ முறை வெட்டி எறிந்தவள் அல்லவா ரிம்மா, எல்வீராவின் முகத்தை உற்றுப் பார்த்தாள். அவள் தொட்டித் தண்ணீர் தளும்பச் சிரித்துக்கொண்டிருந்தாள். மெய்யா பொய்யா என்று முதல்முறையாக ரிம்மாவுக்குப் பிடிபடவில்லை. பதினோரு முறை இவளைத் தூக்கி எறிந்தோமே, இவ்வளவு பெரிய நடிகையையா எறிந்தோம் என்று தோன்றியது. அதைச் சொல்லவும் நினைத்தாள். வாயில் வந்தது வேறு.

"அடுத்த படத்துல உன்னை வேரோட வெட்டறேன், பாரு."

"வெட்டிக்கோ," என்றாள் எல்வீரா கண்ணைத் துடைத்துக்கொண்டு. "உப்பு நிறைய இருக்கு."